ஆங்கில இலக்கணப் பரீட்சையும் தமிழ் மாணாக்கரும்

க. பொ. த. சாதாரண தரப் பரீட்சை எழுதி முடித்த பிள்ளைகளுக்குப் பெறுபேறு வெளிவரும்வரை சில மாதங்கள் ஓய்வாகக் கிடைக்கின்றன. இந்நாட்டில் அம்மாதங்கள் பலருக்கு ஆங்கிலம் படிக்குங் காலமாகக் கழிகின்றன. பாடசாலையிற் பல ஆண்டுகள் ஆங்கிலப் பாடத்தைக் கேட்டிருந்தும், ஒரு வசனத்தைத் துணிந்து சொல்ல நா எழாத பிள்ளைகள் மாலை வகுப்பொன்றிற் சேருகின்றனர். அங்கே முதலில் ஆரம்ப நிலைப் புத்தகம்; அது முடிந்ததும் 'பிறீ-இன்ரமீடியற்' என அட்டையிற் பொறித்த புத்தகம். இடைநிலைக்கு முந்திய படி என்பது அதன் பொருள். நாலைந்து பாடங்கள் நடந்தபின் ஒரு நாள், 'அடுத்த கிழமை இலக்கணப் பரீட்சை' என்று ஆசிரியர் அறிவிக்கின்றார். அன்றுமுதல் வகுப்பிற் சிரிப்புக் குறைகின்றது.

இடைநிலைக்கு முந்திய படி என்பது பாடப்புத்தகம் வெளியிடுவோர் இட்ட பெயர். ஐரோப்பியப் பேரவை 2001 ஆம் ஆண்டில் மொழி கற்போருக்கென ஆறு படிகளை வகுத்து வெளியிட்டது. அவ்வாறனுள் ஏ2 எனப்படும் இரண்டாம் படிக்கும் பி1 எனப்படும் மூன்றாம் படிக்கும் இடைப்பட்டது இந்நிலை எனப் பொதுவாகக் கொள்வர். தன் பெயர், ஊர், குடும்பம் ஆகியவற்றைச் சொல்லத் தெரிந்தவன், நேற்று நிகழ்ந்ததையும் நாளை செய்யப்போவதையும் பிறருக்கு விளங்கச் சொல்லக் கற்றுக்கொள்ளும் இடம் இது. ஆகவே இப்படியின் இலக்கணத்திற் பெரும்பகுதி வினைச்சொல்லைப் பற்றியதாகவே இருக்கும். அதனுடன் ஒப்பீடு, எண்ணத்தக்க பெயர், எண்ணத்தகாத பெயர், 'ஏ', 'ஆன்', 'த' என்னும் சிறுசொற்கள், நிபந்தனை வசனம், செயப்பாட்டு வசனம் என்பனவும் சேரும்.

இத்தகைய வகுப்புகளில் இடையிடையே வைக்கப்படும் பரீட்சை, ஒருவரைத் தெரிந்தெடுக்கவோ தள்ளிவிடவோ ஏற்பட்டதன்று. கற்பித்தவற்றுள் எது பதிந்தது, எது பதியவில்லை என்று அறிவதே அதன் நோக்கம். ஆங்கிலத்தில் அதற்கு முன்னேற்றப் பரீட்சை என்றே பெயர். ஆயினும் ஐந்தாம் தரப் புலமைப்பரிசில் தொடங்கிப் பரீட்சை என்றாலே வடிகட்டும் சல்லடை என்று கண்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு இந்த வேறுபாட்டை யார் எடுத்துச் சொன்னாலும் மனத்தில் ஏறுவதில்லை.

ஒரு மாணவியை உதாரணமாகக் கொள்ளலாம். கிராமத்திலிருந்து இரண்டு பஸ் மாறி நகரத்து வகுப்புக்கு வருபவள். பரீட்சைக்கு முந்திய இரவு நெடுநேரம் விழித்திருந்து காலங்களின் அட்டவணையை மனனஞ் செய்தாள். பன்னிரண்டு காலங்களின் பெயரையும் ஒழுங்காகச் சொல்லுவாள். வினாத்தாளில் 40 வினாக்கள். அவளுக்குக் கிடைத்த சரி 18, பிழை 22. தாள் கையில் வந்ததும் அவள் பார்த்தது அந்த 18 ஐ மட்டுமே. 'இங்கிலீசு எனக்கு வராது' என்று பக்கத்திலிருந்தவளிடம் சொல்லித் தாளை நாலாக மடித்துப் பைக்குள் வைத்தாள். அடுத்த கிழமை அவள் இருந்த கதிரை வெறுமையாயிருந்தது.

சிங்கள மாணாக்கர் வழக்கில் ஆங்கிலத்துக்குக் 'கடுவ' என்றொரு பட்டப்பெயர் உண்டு. வாள் என்பது அதன் பொருள். ஒருவனை உயர்த்தவும் ஒருவனை வெட்டி வீழ்த்தவும் வல்லது என்ற கசப்பு அச்சொல்லிற் பொதிந்திருக்கின்றது. ஒருகாலத்தில் ஆங்கிலப் பாடசாலைகளிற் கட்டணம் செலுத்தியே படிக்கவேண்டியிருந்தது. சுயபாஷைப் பாடசாலைகளில் அஃதில்லை. சீ. டபிள்யூ. டபிள்யூ. கன்னங்கரா அவர்களின் முயற்சியால் 1945 ஆம் ஆண்டில் இலவசக் கல்வி நடைமுறைக்கு வந்தபின் அந்த மதில் சட்டப்படி இடிந்தது. எனினும் வீட்டில் ஆங்கிலம் பேசும் பிள்ளைக்கும், வகுப்பறைக்கு வெளியே அதைக் கேளாத பிள்ளைக்கும் உள்ள தூரம் அப்படியே இருக்கின்றது. இரண்டு பஸ் மாறி வந்த பெண், மடித்த தாளோடு திரும்பிப் போவாளாயின் இழப்பு ஒரு பரீட்சையோடு முடிவதில்லை.

ஆனால் அந்தத் தாளை விரித்துப் பார்ப்பவர் வேறொன்றைக் காண்பர். 22 பிழைகள் 22 காரணங்களால் வந்தவையல்ல. அவற்றுள் ஒன்பது, ஒரே காரணத்தாற் பிறந்தவை. 'நீ போனாயா?' என்பதற்கு 'டிட் யூ வென்ட்?' என எழுதியிருந்தாள். 'அவன் வருவதில்லை' என்பதற்கு 'ஹீ டஸ் நொட் கம்ஸ்' என எழுதியிருந்தாள். 'அவன் என்னைவிட உயரமானவன்' என்பதற்கு 'மோர் டோலர்' என எழுதியிருந்தாள். பார்வைக்கு இவை மூன்று வேறு பாடங்களைச் சேர்ந்த பிழைகள். உள்ளே நோக்கினால் ஒன்றே. ஒரு முறை இடவேண்டிய குறியை இரண்டு முறை இட்டிருக்கின்றாள். 'டிட்' என்பதிலேயே இறந்தகாலம் அடங்கிவிட்டது. மீண்டும் 'வென்ட்' எதற்கு? 'டஸ்' என்பதிலேயே படர்க்கை ஒருமைக்குரிய ஸகரம் வந்துவிட்டது. வினையில் மீண்டும் ஏன்? 'மோர்' என்றபின் 'அர்' என்னும் விகுதி ஏன்? ஒரு காரணத்தை அறிந்தால் ஒன்பது பிழையும் போய்விடும். அதை அவளுக்கு ஒருவரும் சொல்லவில்லை.

இங்கேதான் தமிழ் உதவிக்கு வருகின்றது. ஆங்கில வகுப்பிலே தமிழ் வாயைத் திறக்கலாகாது என்பது சில ஆசிரியர்களின் உறுதியான கொள்கை. கேட்டல், பேசுதல் ஆகியவற்றுக்கு அக்கொள்கை பொருந்தும். குறைந்தளவு நேரமாவது ஆங்கில ஒலி காதில் நிறைந்திருத்தல் வேண்டும். ஆனால் இலக்கணப் பிழையைத் திருத்தும் வேளையில் ஒரு நிமிடத் தமிழ் ஒரு மணித்தியால ஆங்கில விளக்கத்தை மிச்சப்படுத்தும்.

'போகவில்லை' என்ற சொல்லை எடுத்துக்கொண்டால் இது விளங்கும். போக என்பது காலங் காட்டாத வடிவம். அதனோடு இல்லை சேர்ந்து போகவில்லை ஆகின்றது. எந்தத் தமிழ்ப் பிள்ளையும் 'போனவில்லை' என்று சொல்லுவதில்லை. சொன்னால் வீட்டிலுள்ள பாட்டியே சிரிப்பாள். ஆங்கிலத்தில் 'டிட் நொட் கோ' என்பதும் இதே அமைப்புத்தான். 'டிட் நொட்' என்பது இல்லை. 'கோ' என்பது காலங் காட்டாத போக. 'டிட் நொட் வென்ட்' என்பது ஆங்கிலத்துப் 'போனவில்லை'. இதை ஒருமுறை கேட்ட பிள்ளை பின்னர் அப்பிழையை எழுதும்போது தன் காதே தன்னைத் தடுப்பதை உணரும்.

வினாவில் மட்டும் தமிழ் சற்று வழிதவறச் செய்கின்றது. போனாய் என்பதோடு ஆகாரத்தைச் சேர்த்தால் 'போனாயா' ஆகிவிடுகின்றது. வினைச்சொல் தன் இறந்தகாலக் குறியோடு அப்படியே நிற்கின்றது. அப்பழக்கத்தோடு ஆங்கிலத்துக்குச் செல்லும் பிள்ளை 'வென்ட்' என்பதைக் கைவிட மனமின்றி 'டிட்' என்பதையும் முன்னே வைத்துக்கொள்கின்றது. ஆதலின் ஆங்கில வினாவை எதிர்மறையோடு சேர்த்தே கற்பித்தல் நன்று. முதலில் போகவில்லை, அதன்பின் போனாயா. பல புத்தகங்களில் வினா முன்னும் எதிர்மறை பின்னுமாக இருக்கும். தமிழ்ப் பிள்ளைக்கு அவ்வொழுங்கை மாற்றிக் கொடுப்பதில் தவறொன்றுமில்லை.

நிபந்தனை வசனத்திலும் இவ்வாறே. 'நாளை மழை பெய்தால் விளையாட்டு நடைபெறாது' என்பது எதிர்காலச் செய்தி. ஆயினும் பெய்தால் என்பதில் எதிர்காலக் குறி எதுவும் இல்லை. உற்றுநோக்கினால் இறந்தகாலத்துக்குரிய தகரமே அங்கு நிற்கின்றது. ஆங்கிலத்திலும் 'இஃப்' என்ற சொல்லை அடுத்து எதிர்கால 'வில்' வருவதில்லை. 'இஃப் இட் ரெயின்ஸ்' என்று நிகழ்கால வடிவமே வரும். 'இஃப் இட் வில் ரெயின்' என எழுதும் பிள்ளை, எதிர்காலம் என்றால் 'வில்' என்று மனனஞ் செய்த விதியை நம்பித் தன் தாய்மொழி காட்டிய வழியை மறந்துவிடுகின்றது. விதியை அறியாமையால் வந்த பிழையன்று இது. ஒரு விதியை அளவுக்கு மீறி நம்பியதால் வந்தது.

மாணவியின் தாளில் ஐந்து பிழைகள் வேறொரு காரணத்தைச் சேர்ந்தவை. 'நான் இரண்டு வருடமாக யாழ்ப்பாணத்தில் வசிக்கிறேன்' என்பதற்கு 'ஐ ஆம் லிவிங் இன் ஜஃப்னா சின்ஸ் டூ யேர்ஸ்' என எழுதியிருந்தாள். இது தமிழரிடம் மட்டுமன்றித் தென்னாசியா எங்கும் காணப்படும் பிழை. இதில் இரண்டு சிக்கல்கள் பின்னிக் கிடக்கின்றன. ஒன்று 'சின்ஸ்', 'ஃபோர்' என்ற சொற்களின் வேறுபாடு. அதற்கு இலங்கைத் தமிழில் எளிய உரைகல் ஒன்று உண்டு. 'திங்கட்கிழமை தொடக்கம் மழை' என்றும் 'மூன்று நாளாக மழை' என்றும் இங்கே யாவரும் பேசுவர். தொடக்கம் என்ற சொல் பொருந்துமிடத்திற் 'சின்ஸ்'. ஆக என்பது பொருந்துமிடத்தில் 'ஃபோர்'. 'திங்கட்கிழமையாக மழை' என்று எவரும் சொல்லாதது போலவே ஆங்கிலேயன் 'ஃபோர் மண்டே' என்று சொல்லான்.

மற்றைச் சிக்கல் இதனிலும் ஆழமானது. தமிழில் வசிக்கிறேன் என நிகழ்காலத்தாற் சொல்லுவதை ஆங்கிலம் 'ஐ ஹாவ் லிவ்ட்' என வேறு வடிவத்தாற் சொல்லுகின்றது. முன்னே தொடங்கி இன்னும் முடியாத செயலை நிகழ்காலத்தின் பக்கத்தில் நின்று தமிழ் பார்க்கின்றது. கடந்த காலத்திலிருந்து இன்றுவரை ஒரு பாலங் கட்டி ஆங்கிலம் பார்க்கின்றது. இவ்விடத்திற் சொல்லுக்குச் சொல் மாற்றினால் வசனம் கெடும். ஆயினும் அந்த ஆங்கில வடிவம் தமிழுக்கு முற்றிலும் அந்நியமானதன்று. 'மாமா வந்தார்' என்பதற்கும் 'மாமா வந்திருக்கிறார்' என்பதற்கும் உள்ள வேறுபாட்டை ஐந்து வயதுப் பிள்ளையும் உணரும். முன்னையதைக் கேட்டால், மாமா திரும்பிப் போயுமிருக்கலாம். பின்னையதைக் கேட்ட பிள்ளை மாமாவைத் தேடி முற்றத்துக்கு ஓடும். ஆங்கிலத்தின் 'ஹாஸ் கம்' என்பதும் அந்த வந்திருக்கிறார்தான். செயல் முடிந்தது, அதன் பயன் முற்றத்தில் நிற்கின்றது.

இந்த ஒப்புமையை ஓர் எல்லைக்கு மேல் இழுத்தலாகாது. 'நேற்று மாமா வந்திருக்கிறார்' எனத் தமிழிற் சொல்லலாம். பின்னர் அறியவந்த செய்தி என்ற குறிப்பு அதிற் கிடைக்கும். ஆங்கிலத்தில் 'நேற்று' என்ற சொல் வந்த வசனத்தில் 'ஹாஸ் கம்' வருதல் கூடாது. 'கேம்' என்பதே வரவேண்டும். முடிந்துபோன காலத்தைச் சுட்டும் சொல் எங்கே நிற்கின்றதோ அங்கே அந்தப் பாலம் அறுந்துவிடுகின்றது. பரீட்சகர்கள் இவ்விடத்திலே வினா அமைக்க விரும்புவர். வெற்றிடம் வசனத்தின் நடுவிலும், 'நேற்று' என்ற சொல் வசனத்தின் கடைசியிலும் இருக்கும். அவசரக்காரப் பிள்ளை வெற்றிடத்தை நிரப்பிவிட்டு அடுத்த வினாவுக்குச் சென்றுவிடும்; கடைசிச் சொல்லைக் காண்பதில்லை. வசனத்தை முற்றுப்புள்ளிவரை வாசித்தபின்பே பேனாவை எடுத்தல் என்ற ஒரு பழக்கம் எத்தனையோ புள்ளிகளைக் காப்பாற்றும்.

அடுத்த நான்கு பிழைகள் 'ஏ', 'ஆன்', 'த' என்பவற்றிலே நேர்ந்தவை. இவற்றுள் 'ஏ'யும் 'ஆன்' என்பதும் தமிழ்ப் பிள்ளைக்குப் புதியனவல்ல. ஒரு வீடு, ஓர் ஊர் என உயிரொலிக்கு முன் ஓர் எழுதப் பழகிய பிள்ளைக்கு, உயிரொலிக்கு முன் 'ஆன்' என்பது சொல்லாமலே விளங்கும். எழுத்தை நோக்காமல் ஒலியை நோக்கவேண்டும் என்பதை மட்டும் நினைவூட்டினாற் போதும். மணித்தியாலத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சொல் ஹகர எழுத்தில் தொடங்கினும் அவ்வெழுத்து ஒலிப்பதில்லை. ஆதலின் அங்கே 'ஆன்'. பல்கலைக்கழகத்தைக் குறிக்கும் சொல் உயிரெழுத்தில் தொடங்கினும் யகர ஒலியோடு பிறக்கின்றது. ஆதலின் அங்கே 'ஏ'.

'த' என்பதுதான் தொல்லை. அதற்கு நேரான சொல் தமிழில் இல்லை. ஆனால் அது செய்யும் வேலையை ஓரிடத்தில் இரண்டாம் வேற்றுமை உருபு செய்கின்றது. 'கடையிற் புத்தகம் வாங்கினாள்' என்றால் ஏதோ ஒரு புத்தகம்; 'கடையிற் புத்தகத்தை வாங்கினாள்' என்றால் முன்னரே பேசப்பட்ட அந்தப் புத்தகம். முன்னையதற்கு 'ஏ புக்', பின்னையதற்குத் 'த புக்'. அஃறிணைப் பொருள் செயப்படுபொருளாக வருமிடங்களில் இவ்வழி பெரும்பாலும் பிழைக்காது. எழுவாயாக வருமிடத்தில் இது பயன்படாது. மக்களைக் குறிக்கும் பெயர்களிலும் பயன்படாது, ஏனெனில் அங்கே ஐயுருபு எப்படியும் வந்தே தீரும். எஞ்சிய இடங்களுக்கு வாசிப்பைத் தவிர வேறு மருந்தில்லை. ஒரு வார ஆயத்தத்தில் 'த' என்பதை வென்றுவிட எண்ணுவது வீண்முயற்சி. பல ஆண்டு ஆங்கிலத்தில் எழுதிவரும் அறிஞரும் அதில் இடறுவதுண்டு.

இங்ஙனம் இரு மொழிகளை அருகருகே வைத்து நோக்கிக் கற்போனுக்கு எங்கே இடர் நேரும் என்று முன்கூட்டியே அறியலாம் என 1957 ஆம் ஆண்டில் நூலெழுதியவர் அமெரிக்க மொழியியலாளர் ராபர்ட் லாடோ. பத்தாண்டுகளின் பின், 1967 இல், பிட் கோர்டர் என்னும் பிரித்தானிய மொழியியலாளர் எழுதிய கட்டுரையொன்று வேறொரு கோணத்திலிருந்து இதை அணுகிற்று. கற்போனின் பிழை வெட்கத்துக்குரியதன்று; அவன் மனத்தில் அப்போது நிலவும் இலக்கணத்தை அது வெளிப்படுத்துகின்றது என்பது அவர் கருத்து. எல்லாப் பிழைக்கும் தாய்மொழியே காரணமன்று என்பதும் பின்னர்த் தெளிவாகியது. ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்ட குழந்தைகளே 'வென்ட்' என்பதற்குப் பதிலாகக் 'கோட்' எனச் சொல்லித் திரிவதுண்டு. மேலே கூறிய இரட்டைக் குறியும் அவர்களிடத்திற் காணப்படுகின்றது. ஆகவே அந்த மாணவியின் ஒன்பது பிழைகளும் மூளைக் குறைவின் அடையாளமல்ல. ஒழுங்கைத் தேடும் மனத்தின் அடையாளம்.

கோர்டர் செய்த இன்னொரு பாகுபாடு ஆயத்தஞ் செய்வோருக்கு நேரே பயன்படுவது. தவறி விழுந்த பிழை ஒன்று. அறியாமல் எழுதிய பிழை மற்றொன்று. பழைய பயிற்சித் தாளை எடுத்துச் சிவப்புக் கோடிட்ட வசனங்களை மாத்திரம் பார்க்கும் பிள்ளை, திருத்தத்தை மறைத்துக்கொண்டு தானே சரிசெய்ய முயலவேண்டும். உடனே சரிசெய்ய முடிந்தால் அது தவறி விழுந்தது. அதற்கு வேண்டியது நிதானமேயன்றிப் படிப்பன்று. சரிசெய்ய முடியாது விழித்தால் அதுவே படிக்கவேண்டிய இடம். இந்தச் சோதனையை அரை மணித்தியாலம் செய்தபின், புத்தகம் முழுவதையும் மீண்டும் படிக்கவேண்டும் என்ற பீதி நீங்கி, நாலைந்து இடங்களே எஞ்சியிருப்பதைப் பிள்ளை காணும்.

அவ்விடங்களுக்கெனப் பயிற்சிக் கொப்பி ஒன்று வைத்தல் நன்று. இடப்பக்கத்தில் தான் எழுதிய பிழையான வசனம். வலப்பக்கத்திற் சரியான வசனம். அதன்கீழ் அதே கருத்துடைய தமிழ் வசனம். விதியைப் பார்த்தெழுதுதல் வேண்டியதில்லை. விதிக்குப் பதிலாகத் தன் வீட்டைப் பற்றித் தானே பத்து வசனங்கள் எழுதுதல் வேண்டும். 'அம்மா நேற்றுச் சந்தைக்குப் போகவில்லை', 'தம்பி பால் குடிப்பதில்லை', 'அக்கா மூன்று வருடமாகக் கொழும்பில் இருக்கிறாள்' என உண்மையான செய்திகளாக இருந்தால் மனம் அவற்றைப் பற்றிக்கொள்ளும். இலண்டனில் மழை பெய்ததா என்ற புத்தக வசனம் கிளிநொச்சிப் பிள்ளைக்கு ஒட்டாது.

மனனஞ் செய்தலை அடியோடு இழித்துரைப்பது இக்காலத்து வழக்கமாகிவிட்டது. அதுவும் சரியன்று. விதியின்றி மாறும் ஆங்கில வினைகளை மனனஞ் செய்தே ஆகவேண்டும். 'கோ', 'வென்ட்', 'கோன்' என்பதை எந்த விளக்கத்தாலும் பெறமுடியாது. வாய்பாடு சொல்லிப் பழகிய சமூகத்துக்கு இது கடினமன்று. ஆனால் அகரவரிசையில் மனனஞ் செய்வதிலும் ஓசைவரிசையில் மனனஞ் செய்வது எளிது. 'சிங், சாங், சங்'; 'ரிங், ராங், ரங்'; 'டிரிங்க், டிராங்க், டிரங்க்' எனச் சேர்த்து வாய்விட்டுச் சொன்னால் ஒன்று மற்றொன்றை இழுத்துக்கொண்டு வரும். வாய்க்குள் முணுமுணுத்தாற் பயனில்லை. அயலார் என்ன நினைப்பார்களோ என்று கூசாமற் சொல்லவேண்டும்.

முன்னிடைச் சொற்களைப் பற்றி ஒரு சொல். 'பத்து மணிக்கு' என்பதில் வரும் குகரம் எல்லா இடத்திலும் 'டு' ஆவதில்லை. நேரத்துக்கு 'அட்', கிழமைக்கு 'ஒன்', மாதத்துக்கும் வருடத்துக்கும் 'இன்'. இது விளக்கத்துக்கு உட்பட்டதன்று, பழக்கத்தால் வருவது.

பரீட்சை நாளன்று வினாத்தாள் கையில் வந்தபின், விடை தெரியாத வினாவை வெறுமையாய் விடுவதா, ஊகித்து எழுதுவதா என்ற கேள்வி எழும். சாதாரண பரீட்சையில் ஊகிப்பது தந்திரம். இங்கே ஊகத்தாற் கிடைத்த புள்ளி ஆசிரியரை ஏமாற்றும். பதியாத பாடத்தைப் பதிந்தது என்று எண்ணி அவர் மேலே செல்வார். ஆகவே ஊகித்து எழுதிய விடைக்கருகே பென்சிலாற் சிறு புள்ளி ஒன்று இட்டுவைக்கும் வழக்கத்தை ஆசிரியரும் மாணாக்கரும் முன்னரே பேசி ஏற்படுத்திக்கொள்ளலாம். அந்தப் புள்ளிகள் மதிப்பெண்ணிலும் அதிகமானவற்றைச் சொல்லும். தூக்கமின்றி வந்த பிள்ளைக்கு இவையொன்றும் நினைவிலிராது. முந்திய இரவு பத்து மணிக்குள் விளக்கை அணைத்தல் இந்த ஆயத்தத்தின் ஒரு பகுதி.

தாளைத் திருத்தும் ஆசிரியரிடத்திலும் சில பொறுப்புகள் இருக்கின்றன. புள்ளிகளை வகுப்பில் உரக்க வாசிப்பது இத்தகைய பரீட்சைக்கு ஏற்றதன்று. பிழையின் மேற் குறுக்குக் கோடிடுவதோடு நில்லாமல், ஓரத்தில் ஒன்று, இரண்டு, மூன்று எனக் காரணத்தின் இலக்கத்தைக் குறித்தால், எத்தனை பிழை என்ற எண்ணம் போய் எத்தனை காரணம் என்ற எண்ணம் பிள்ளைக்கு வரும். நாற்பது தாள் திருத்தும் ஆசிரியருக்கு இது மேலதிக வேலைதான். ஆனால் இலக்கமிடுவதற்கு நீண்ட திருத்தம் எழுதும் நேரங்கூடச் செல்லாது.

அந்த மாணவியின் தாளுக்கு இவ்வாறு இலக்கமிட்டால், ஒன்பது இடத்தில் ஒன்று, ஐந்து இடத்தில் இரண்டு, நான்கு இடத்தில் மூன்று என வரும். எஞ்சிய நான்கும் அவசரத்தால் தவறி விழுந்தவை, அவற்றுக்கு இலக்கமில்லை. 22 பிழைகள் மூன்று இலக்கங்களாய்ச் சுருங்கிவிடுகின்றன. அவள் வராத அந்தக் கிழமையில், ஆசிரியர் தொலைபேசியில் அழைத்துச் சொல்லவேண்டியது ஆறுதல் வார்த்தையன்று. இந்தக் கணக்கையே சொல்லவேண்டும். பத்து நாள் கழித்து, வசனங்கள் வேறாகவும் காரணங்கள் அவையேயாகவும் அமைந்த சிறு தாளொன்றை, புள்ளி பதியாமல், மீண்டும் எழுதச் செய்தல் வேண்டும். 'டிட்' என்பதன் பக்கத்தில் 'ஈட்' என்றும், 'டஸ்' என்பதன் பக்கத்தில் 'நோ' என்றும் எழுதத் தொடங்கியிருப்பாளாயின் முதலாம் இலக்கத்தை அழித்துவிடலாம். மூன்றாம் இலக்கம், அதாவது அந்தத் 'த', அநேகமாக அப்போதும் இருக்கும். அது அடுத்த பாடங்களோடு மெல்ல மெல்லப் பார்த்துக்கொள்ளவேண்டியது.